அம்மாவின் நோட்டும் ஐந்நூறு வருடப் பாட்டும்

பதிவு எழுதி ரொம்ப நாளாகிவிட்டது. ஆபீஸ் வேலை, பிள்ளைகள் படிப்பு என்று எல்லாரும் சொல்லும் சாக்குகள்தான் எனக்கும். இன்றைக்கு என்னை எழுத உட்கார வைத்தது தொண்ணூறு வயதுப் பாட்டி ஒருவர். கொஞ்சம் நீளமான பதிவு. காபியோ டீயோ போட்டுக்கொண்டு வந்து உட்காருங்கள்.

சியாட்டிலில் என்னோடு வேலை பார்க்கும் நண்பர் ஒருவர் தன் அம்மாவின் தொண்ணூறாவது பிறந்த நாளுக்குக் குடும்பத்தோடு கூப்பிட்டிருந்தார். சீவர்ட் பார்க் பக்கம் வீடு. கேக் வெட்டி முடிந்ததும் வயதான பெண்கள் நாலைந்து பேர் சுற்றி உட்கார்ந்து பாட ஆரம்பித்தார்கள். மைக், கிட்டார் எதுவும் கிடையாது. ஒருவர் மட்டும் தொடையில் தட்டித் தாளம் போட்டார். கேட்டால் ஸ்பானிஷ் மாதிரி இருக்கிறது, ஆனால் இங்கே மெக்சிகன் கடைகளில் கேட்கும் ஸ்பானிஷ் இல்லை. மெட்டோ துருக்கிப் பக்கத்து மெட்டு. "இது என்ன பாட்டு?" என்று நண்பரிடம் கேட்டேன். "எங்கள் பாட்டியின் பாட்டிக்கும் பாட்டி பாடியது. 1492இல் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டபோது கொண்டு வந்த மொழி" என்றார்.

பாட்டு முடிந்ததும் அந்தப் பாட்டியம்மா என்னைப் பார்த்து, "உங்கள் பாட்டி என்ன பாடுவார்? ஒன்று பாடேன்" என்றார்.

எனக்கு ஒரு வரிகூட வரவில்லை. சினிமாப் பாட்டு ஆயிரம் வரும். ஆயா பாடியது ஒன்றும் வரவில்லை. அசட்டுச் சிரிப்பு சிரித்துச் சமாளித்தேன். திரும்பி வரும்போது காரில் மகள் கேட்டாள், "அப்பா, நமக்கு அந்த மாதிரி பாட்டே இல்லையா?"

இருக்கிறது. ராமகுப்பத்தில் எங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியில், கோடு போட்ட நோட்டு ஒன்றில், அறுபத்து மூன்று பாட்டு இருக்கிறது. அந்த நோட்டுக்குக் கடைசியில் வருகிறேன். நண்பரின் பாட்டிகள் எப்படி ஐந்நூறு வருடம் பாட்டைக் காப்பாற்றினார்கள், எங்கே கோட்டை விட்டார்கள், எப்படி மீட்டார்கள் என்று ஒரு மாதமாகத் தேடித் தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க நம் வீட்டுக் கதை மாதிரியே இருந்தது. அதனால்தான் உங்களோடு பகிர்ந்து கொள்கிறேன்.

யார் இந்த செஃபார்டிக் மக்கள்?

எபிரேய மொழியில் ஸ்பெயினுக்கு 'செஃபாராத்' என்று பெயர். அங்கே பல நூறு வருடம் வாழ்ந்த யூதர்கள் செஃபார்டிக்குகள். 1492 மார்ச் 31 அன்று ஸ்பெயினின் ராஜா ஃபெர்டினாண்டும் ராணி இசபெல்லாவும் ஓர் ஆணை போட்டார்கள்: மதம் மாறு, இல்லையென்றால் ஜூலை முடிவதற்குள் நாட்டை விட்டுப் போ. கொலம்பஸ் கப்பல் ஏறிய அதே வருடம்தான். போர்ச்சுகலுக்குப் போனவர்களை 1497இல் அங்கேயும் கட்டாயமாக மதம் மாற்றினார்கள். மிச்சமிருந்தவர்களில் பெரும்பகுதி மொராக்கோவுக்கும், துருக்கி சுல்தான் இரண்டாம் பாயஸீத் கதவைத் திறந்துவிட்ட ஒட்டோமான் நாட்டுக்கும் போய்ச் சேர்ந்தார்கள். சலோனிக்கா, இஸ்தான்புல், இஸ்மிர், சரயேவோ, ரோட்ஸ் தீவு என்று பரவினார்கள்.

போன இடத்தில் ஸ்பெயின் மொழியை விடவில்லை. அதில் எபிரேயமும் துருக்கியும் கிரேக்கமும் கலந்து லடினோ என்கிற மொழி ஆனது. எழுதியது எபிரேய எழுத்தில். துருக்கியில் 1928இல் எழுத்துச் சீர்திருத்தம் வந்தபிறகு, லடினோ பத்திரிகைகளும் ரோமன் எழுத்துக்கு மாறின. ஒரு மொழியை வேறொரு மொழியின் எழுத்தில் எழுதி வைப்பது எனக்குப் புதிதாகப் படவில்லை. ஏன் என்று அப்புறம் சொல்கிறேன்.

அமெரிக்காவில் செஃபார்டிக்குகள் அதிகம் குடியேறிய ஊர்களில் சியாட்டிலும் ஒன்று. 1902இல் துருக்கியின் மர்மரா பகுதியிலிருந்து முதல் இருவர் இங்கே வந்தார்கள். பின்னால் ரோட்ஸ் தீவிலிருந்தும் கூட்டமாக வந்தார்கள். மீன் விற்றும், ஷூ பாலிஷ் போட்டும், பழக்கடை வைத்தும் பிழைத்தார்கள். துருக்கிக்காரர்களுக்கு ஒரு ஜெபக்கூடம், ரோட்ஸ்காரர்களுக்கு ஒரு ஜெபக்கூடம் என்று தனித்தனியாகக் கட்டிக்கொண்டார்கள். நம்ம ஊர் தமிழ்ச் சங்கம் இரண்டாக உடைவது ஞாபகம் வந்தால் நான் பொறுப்பல்ல :-)

பாட்டு எப்படிப் பிழைத்தது?

செஃபார்டிக் பாட்டில் இரண்டு வகை உண்டு. ஒன்று ஜெபக்கூடத்தில் ஆண்கள் பாடும் எபிரேயப் பாட்டு. இன்னொன்று வீட்டில் பெண்கள் பாடும் லடினோப் பாட்டு: ராஜா ராணிக் கதைப்பாட்டு, கல்யாணப்பாட்டு, தாலாட்டு, ஒப்பாரி.

ஆண்களின் பாட்டை எழுதி வைத்தார்கள். இஸ்ரேல் நஜாரா என்ற கவிஞர் 1587இல் பாலஸ்தீனத்தின் சஃபேத் ஊரில் ஒரு பாட்டுப் புத்தகம் அச்சிட்டார். துருக்கி, ஸ்பானிஷ் பாடல்களின் மெட்டில் பாடுவதற்கென்று அவர் எழுதிய எபிரேயப் பாடல்கள் அவை. பாட்டின் தலைப்பில், எந்தப் பாட்டின் மெட்டில் இதைப் பாட வேண்டும் என்று அந்தப் பாட்டின் முதல் அடியைக் குறித்து வைத்தார். அன்றைக்கு அது போதும். தெருவில் போகிற எவனுக்கும் அந்த மெட்டு தெரியும். நானூறு வருடம் கழித்துப் படிப்பவனுக்கு? மூலப்பாட்டு மறந்துபோன இடத்தில் மெட்டின் பெயர் மட்டும் நிற்கிறது. வீடு இடிந்த பிறகு கையில் இருக்கிற விலாசம் மாதிரி.

பெண்களின் பாட்டைப் பெரும்பாலும் யாரும் எழுதவில்லை. அது வாயிலேயே இருந்தது. தொட்டிலாட்டும்போதும், மணப்பெண்ணைக் குளிக்க வைக்கும்போதும், துணி தைக்கும்போதும் பாடியது. ஸ்பெயினிலேயே மறந்துபோன சில இடைக்காலக் கதைப்பாட்டுகள் சலோனிக்காவிலும் மொராக்கோவிலும் இருந்த பாட்டிகளின் வாயில் உயிரோடு இருந்தன. ஸ்பெயின் அறிஞர்களுக்கே இது ஆச்சரியம். மனுவேல் மன்ரிக்கே தெ லாரா என்பவர் 1911இல் பால்கன் நாடுகளுக்கும், 1915-16இல் மொராக்கோவுக்கும் போய் இந்தப் பாட்டுகளைக் கேட்டு எழுதினார். துரத்தியவர்களின் நாடு நானூறு வருடம் கழித்து, துரத்தப்பட்டவர்களின் பேத்திகளிடம் தன் பழைய பாட்டைக் கேட்டு வந்து நின்றது.

இங்கே ஒரு விஷயத்தை நேர்மையாகச் சொல்ல வேண்டும். "ஐந்நூறு வருடமாக மாறாத பாட்டு" என்று நண்பர் சொன்னது முழு உண்மையில்லை. சில பாட்டின் வார்த்தைகள் பழைய ஸ்பெயினைத் தொடுகின்றன. மெட்டுகள் பெரும்பாலும் துருக்கியிலும் கிரேக்கத்திலும் பால்கனிலும் ஒட்டிக்கொண்டவை. மிகப் பிரபலமான சில பாட்டுகள் பத்தொன்பதாம், இருபதாம் நூற்றாண்டில் வந்தவை. 'அதியோ கெரீதா' என்று உலகமெல்லாம் பாடுகிற பாட்டின் மெட்டு, 1853இல் அரங்கேறிய வெர்டியின் 'லா த்ராவியாட்டா' ஓபெராவில் வரும் ஒரு பாட்டை ஒத்திருக்கிறது. முதலில் படித்தபோது ஏமாற்றமாக இருந்தது. பிறகு யோசித்தேன். எங்கள் ஆயா கும்மிப்பாட்டை சினிமா மெட்டில் பாடவில்லையா? பாடுகிறவர்கள் இருக்கும்வரை பாட்டு மாறத்தான் செய்யும். பாடுவதை நிறுத்திய பிறகுதான் மாறாமல் இருக்கும்.

எங்கே அறுந்தது?

இரண்டு இடத்தில் அறுந்தது. ஒன்று கொடூரம். 1943 மார்ச்சிலிருந்து ஆகஸ்டுக்குள் சலோனிக்காவின் யூதர்களில் 45,000 பேருக்கு மேல் நாஜிகளால் ரயிலேற்றப்பட்டு ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார்கள். மிகப் பெரும்பாலோர் திரும்பவில்லை. லடினோ பேசிய நகரங்களில் பெரியது அது. பாடியவர்களும் போனார்கள், கேட்டவர்களும் போனார்கள்.

இன்னொன்று சத்தமில்லாதது. 1860இல் பாரிசில் தொடங்கிய ஒரு யூத சங்கம் ஒட்டோமான் ஊர்களில் பிரெஞ்சுப் பள்ளிகள் திறந்தது. பிள்ளைகள் முன்னுக்கு வர வேண்டும் என்ற நல்லெண்ணம்தான். படித்த பிள்ளைகளுக்கு லடினோ சமையலறைப் பேச்சு ஆகிவிட்டது. அமெரிக்கா வந்தவர்கள் ஆங்கிலத்துக்கு மாறினார்கள், இஸ்ரேல் போனவர்கள் எபிரேயத்துக்கு. யாரும் யாரையும் அடிக்கவில்லை. பாட்டி பாடினாள், பேரன் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

இந்த இரண்டாவதைப் படிக்கும்போதுதான் எனக்கு முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது.

எப்படி மீட்டார்கள்?

துருக்கியில் இஸ்மிர் பக்கத்துச் சிற்றூரில் 1898இல் பிறந்த ஆல்பெர்டோ ஹெம்ஸி, மிலானில் மேற்கத்திய இசை படித்துவிட்டு வந்து, 1920களில் தன் ஊர்ப்பக்கத்துப் பெண்களிடம் பாட்டுக் கேட்டு எழுதத் தொடங்கினார். பியானோ சேர்த்து பத்துத் தொகுதிகளாக அறுபது பாட்டு வெளியிட்டார். துருக்கியில் பிறந்து ஜெருசலேமில் வளர்ந்த ஐசக் லெவி 1959 முதல் 1973 வரை லடினோப் பாட்டுகளை நான்கு தொகுதிகளாக ஸ்வரக் குறிப்போடு கொண்டு வந்தார். இன்றைய பாடகி யாஸ்மின் லெவி அவருடைய மகள்தான்.

அமெரிக்காவில் சாமுவேல் ஆர்மிஸ்டெட், ஜோசப் சில்வர்மேன் என்று இரண்டு பேராசிரியர்கள் 1957இல் டேப் ரெக்கார்டரைத் தூக்கிக்கொண்டு லாஸ் ஏஞ்சலஸ் செஃபார்டிக் குடும்பங்களிடம் போனார்கள். இருவரும் இலக்கியக்காரர்கள். வார்த்தை மட்டும் போதாது என்று புரிந்து, இஸ்ரேல் கட்ஸ் என்ற இசை அறிஞரைச் சேர்த்துக் கொண்டார்கள். நீங்களும் வீட்டில் பதிவு செய்யப் போகிறீர்கள் என்றால் இந்த ஒரு பாடத்தை மறக்காதீர்கள்.

இதற்கெல்லாம் முன்னாலேயே எங்கள் சியாட்டிலில் ஒரு சம்பவம். எம்மா அதாட்டோ என்ற செஃபார்டிக் பெண் 1935இல் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் தன் சொந்த சமூகத்தின் லடினோக் கதையும் பாட்டும் பழமொழியும் பற்றி ஆய்வேடு எழுதினார். மீன்கடைக்காரர்களின் வீட்டுப் பேச்சு என்று மற்றவர்கள் நினைத்ததைப் பல்கலைக்கழகத்தில் ஆய்வுப் பொருளாக வைத்தார். அதே பல்கலைக்கழகத்தில் இன்று செஃபார்டிக் ஆய்வுப் பிரிவே இருக்கிறது. சியாட்டில் குடும்பங்கள் அலமாரியிலும் பரணிலும் கிடந்த பழைய லடினோப் புத்தகங்களையும் கையெழுத்து நோட்டுகளையும் கொண்டுவந்து கொடுக்க, அவற்றை ஸ்கேன் செய்து வைக்கிறார்கள்.

எனக்கு ரொம்பப் பிடித்தது ஃப்ளோரி ஜகோடாவின் கதை. 1923இல் சரயேவோவில் பிறந்தவர். பாட்டியிடம் பாட்டுக் கற்றார். போரில் அந்தக் குடும்பத்தில் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள். 1946இல் அமெரிக்கா வந்தார். பாட்டி சொல்லிக் கொடுத்ததைப் பாடியதோடு நிற்காமல், அதே மொழியில் புதிதாகவும் எழுதினார். 1983இல் அவர் எழுதிய 'ஓச்சோ காந்தெலிகாஸ்' (எட்டு மெழுகுவர்த்தி என்று அர்த்தம்) இன்று ஹனுக்கா பண்டிகைக்கு உலகம் முழுக்கப் பிள்ளைகள் பாடுகிற பாட்டு. பலர் அதைப் பல நூறு வருடப் பழைய பாட்டு என்று நினைத்துக் கொண்டிருக்கிறார்கள். 2021இல் 97 வயதில் காலமானார். வாரிசு என்றால் இப்படி இருக்க வேண்டும்.

நம்ம பக்கத்துக் கொச்சி

"சரி, இதெல்லாம் எங்கேயோ நடந்தது" என்கிறீர்களா? பக்கத்தில் கொச்சிக்கு வாருங்கள். ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டவர்களில் சிலர் கொச்சிக்கும் வந்தார்கள். மட்டாஞ்சேரியில் 1568இல் கட்டிய பரதேசி ஜெபக்கூடத்தைச் சுற்றுலா போனவர்கள் பார்த்திருப்பீர்கள். அவர்களுக்குப் பல நூறு வருடம் முன்னாலேயே மலபாரில் யூதர்கள் இருந்தார்கள். கி.பி. 1000 வாக்கில் சேரமன்னர் பாஸ்கர ரவிவர்மன் ஜோசப் ரப்பான் என்பவருக்குக் கொடுத்த செப்பேடு வட்டெழுத்தில் இருக்கிறது.

அந்த வீட்டுப் பெண்கள் பாடியது மலையாளத்தில். கல்யாணப்பாட்டு, பண்டிகைப்பாட்டு, பைபிள் கதைப்பாட்டு, ஜெபக்கூடம் கட்டிய கதை என்று கிட்டத்தட்ட முந்நூறு பாட்டு. ஆண்கள் இருக்கும் சபையிலேயே பெண்கள் பாடினார்கள். யூதர்களில் பல இடங்களில் அதற்கு அனுமதியில்லை. பாட்டைக் கையெழுத்து நோட்டில் எழுதி, அம்மா மகளுக்கு, மகள் பேத்திக்கு என்று படியெடுத்துக் கொடுத்தார்கள்.

1950களில் மிகப் பெரும்பாலோர் இஸ்ரேல் போய்விட்டார்கள். அங்கே பிள்ளைகள் எபிரேயம் பேசினார்கள். நோட்டு டிரங்குப் பெட்டிக்குள் போனது. 1970களில் தொடங்கி பார்பரா ஜான்சன் என்ற அமெரிக்க ஆய்வாளரும், கேரளத்தில் பி.எம். ஜஸ்ஸேயும், வேறு சிலரும் நோட்டுகளைத் தேடிப் பிடித்து, பாடத் தெரிந்த பெண்களைப் பதிவு செய்தார்கள். மட்டாஞ்சேரியில் பிறந்து இஸ்ரேலில் குடியேறிய ரூபி டேனியல் பாட்டுகளை மொழிபெயர்த்துக் கொடுத்தார். 2004இல் ஜெருசலேமில் ஒரு குறுந்தட்டு வந்தது. 2005இல் ஸ்கறியா சக்கரியாவும் ஒஃபிரா கம்லியேலும் 'கார்குழலி' என்ற பெயரில் மலையாளமும் எபிரேயமுமாகப் பாட்டுப் புத்தகம் கொண்டு வந்தார்கள். கார்குழலி! பெயரே நம்ம தமிழ்ப் பெண் மாதிரி இல்லை?

ஆனால் அங்கேயும் அதே கதைதான். நோட்டில் இருந்த எல்லாப் பாட்டுக்கும் மெட்டு கிடைக்கவில்லை. எழுத்து வந்து சேர்ந்தது. பாடிய வாய் சிலவற்றுக்கு வந்து சேரவில்லை.

எங்கள் மலையிலேயே நடந்தது

இதைப் படித்ததும் திருமலை ஞாபகம் வந்தது. ராமகுப்பத்துக்காரனுக்கு வராமல் இருக்குமா? இன்றைக்குச் சித்தூர் மாவட்டம் வேறு, திருப்பதி மாவட்டம் வேறு, 2022இல் பிரித்தார்கள். நாங்கள் வளர்ந்தபோது எல்லாம் ஒரே மாவட்டம், வருடத்துக்கு ஒருமுறை மொட்டை உறுதி.

தாளப்பாக்கம் அன்னமாச்சாரியார் (1408-1503) திருமலையப்பன் மேல் 32,000 கீர்த்தனை பாடினார் என்பது மரபு. அவர் மகனும் பேரனும் பாட்டுகளைச் செப்பேட்டில் வெட்டி, கோயிலுக்குள்ளேயே ஓர் அறையில் வைத்தார்கள். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட தகடுகள். கேம்பெல் என்ற ஆங்கிலேய அதிகாரி 1816இல் போட்ட தெலுங்கு இலக்கணப் புத்தகத்தில் இதைப் பற்றி எழுதியிருக்கிறார். மலையில் செப்புத் தகட்டில் இலக்கண நூல் இருப்பதாகக் கேள்விப்பட்டு ஆசையாகப் பார்க்கச் சொன்னாராம்; இருந்தது சாமி பாட்டு. அவருக்கு ஏமாற்றம்! 1920களில் சாது சுப்பிரமணிய சாஸ்திரி அந்தத் தகடுகளை வெளியே கொண்டு வந்து படித்தார். வேட்டூரி பிரபாகர சாஸ்திரி அச்சேற்றுவதற்குப் பாடுபட்டார். 12,000க்கும் மேல் பாட்டு கிடைத்தது.

செம்பில் வெட்டியதால் வார்த்தை ஒன்றும் சேதமில்லை. ஒவ்வொரு பாட்டின் தலையிலும் ராகத்தின் பெயரும் இருந்தது. மெட்டு? இல்லை. ஸ்வரமும் இல்லை. சில ராகங்கள் இன்றைக்குப் புழக்கத்திலேயே கிடையாது. நஜாராவின் புத்தகத்தில் பார்த்த அதே விலாசச் சீட்டு.

பிறகு என்ன செய்தார்கள்? புதிதாக மெட்டுப் போட்டார்கள். ராள்ளபல்லி அனந்தகிருஷ்ண சர்மா திருப்பதிக்கு வந்து நூற்றுக்கு மேற்பட்ட பாட்டுக்கு மெட்டமைத்து ஸ்வரத்தோடு கொடுத்தார். 1978இல் தேவஸ்தானம் அன்னமாச்சாரியா திட்டம் என்று தனியாக ஆரம்பித்தது. நேதுனூரி கிருஷ்ணமூர்த்தியும், 2025இல் காலமான கரிமெள்ள பாலகிருஷ்ண பிரசாத்தும் நிறையப் பாட்டுக்கு உயிர் கொடுத்தார்கள். எம்.எஸ். அம்மா பாடிய பாலாஜி பஞ்சரத்னமாலா எங்கள் பக்கத்து டீக்கடை வரைக்கும் வந்தது. இன்று நாம் கேட்கிற அன்னமய்யா பாட்டுகளின் மெட்டு பெரும்பாலும் இருபதாம் நூற்றாண்டு மெட்டு. அதனால் பக்தி குறைந்ததா? இல்லையே. ஆனால் அன்னமய்யா எப்படிப் பாடினார் என்பது போனது போனதுதான்.

இன்னொன்றும் உண்டு. அன்னமய்யா தாலாட்டு, கும்மி மாதிரியான கொப்பி, நெல் குத்தும் சுவ்விப்பாட்டு என்று வீட்டுப் பெண்களின் பாட்டு வகைகளை எடுத்துத்தான் பல கீர்த்தனை செய்தார். சாமிக்குப் பாடியது செம்பில் ஏறியது. அதே வகைப் பாட்டை உலக்கையோடு பாடிய பெண்களின் பாட்டை எந்தத் தகட்டில் வெட்டினார்கள்?

அம்மாவின் நோட்டு

எங்கள் ஊர் தெரியாதவர்களுக்கு: குப்பத்தில் ரயிலை விட்டு இறங்கி பஸ் பிடிக்க வேண்டும். மூன்று மாநிலம் தொட்டுக்கொள்ளும் மூலை. கேழ்வரகு, பட்டுப்பூச்சி, அவ்வப்போது காட்டு யானை. எங்கள் வீட்டில் தமிழ், பள்ளியில் தெலுங்கு, சந்தையில் இரண்டும், கூடக் கொஞ்சம் கன்னடம். ஆயாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அம்மா படித்தது தெலுங்கு மீடியம். பதினேழு பதினெட்டு வயதில், ஆயா பாடப்பாட அம்மா ஒரு நோட்டில் எழுதி வைத்தார். தமிழ்ப் பாட்டு, தெலுங்கு எழுத்தில்! ழகரத்துக்கு எழுத்து இல்லாததால் மழை எல்லாம் 'மள' ஆகியிருக்கும். ஆனால் ஆயா 'க'வை எங்கே அழுத்தினார், எங்கே மென்மையாகச் சொன்னார் என்பது தெலுங்கு எழுத்தில் அப்படியே விழுந்திருக்கிறது. ஸ்பானிஷ் பாட்டை எபிரேய எழுத்தில் எழுதியவர்கள் எனக்கு ஏன் புதிதாகப் படவில்லை என்று இப்போது புரிந்திருக்கும்.

சில பாட்டின் தலைப்பில் அம்மா எழுதியிருப்பது: 'கெங்கம்மா மெட்டு', 'மேலே உள்ள மெட்டு', 'களை எடுக்கிற மெட்டு'. நஜாரா செய்ததும், செப்பேட்டில் வெட்டியவர்கள் செய்ததும், என் அம்மா செய்ததும் ஒன்றேதான்.

பிறந்த நாள் விருந்து முடிந்த வாரமே போன் போட்டேன். அம்மாவுக்கு இப்போது வயது எழுபத்து நாலு.

"அம்மா, அந்தக் கெங்கம்மா மெட்டு எப்படிம்மா?"

"அதாண்டா, ஆயா பாடுமே."

"அதான் எப்படின்னு கேக்கறேன்."

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. "வாயில நிக்குது, வர மாட்டேங்குது. ஆயா இருந்தா கேக்கலாம்" என்றார்.

ஆயா போய்ப் பதினாறு வருடம். அந்தப் பதினாறு வருடத்தில் நான் நாலு போன் மாற்றினேன். எல்லாவற்றிலும் ரெக்கார்டர் இருந்தது.

முதல் வாரம் அறுபத்து மூன்றில் இருபத்திரண்டுக்குத்தான் மெட்டு வந்தது. அதற்கப்புறம் ஒரு நாள் அம்மாவே கூப்பிட்டார். முறத்தை எடுத்துக் கேழ்வரகு புடைத்துக் கொண்டிருந்தபோது ஒன்று தானாக வந்துவிட்டதாம். கையை நிறுத்தினால் பாட்டும் நின்றுவிடுகிறது என்றார். அன்றிலிருந்து நாற்காலியில் உட்கார்ந்து பாடச் சொல்வதை விட்டுவிட்டோம். தம்பி மனைவி போனைப் பக்கத்தில் வைத்துவிட்டு, அம்மா வேலை செய்யச் செய்யப் பதிவு செய்கிறார். இப்போது முப்பத்தொன்று ஆகியிருக்கிறது. கெங்கம்மா மெட்டு இன்னும் வரவில்லை. வராமலே போகலாம்.

வராதவற்றை என்ன செய்வது? திருப்பதியில் செய்ததைத்தான். ஒன்றுக்கு மகள் மெட்டுப் போட்டிருக்கிறாள். ஆயாவின் தமிழ், அம்மாவின் தெலுங்கு எழுத்திலிருந்து நான் தமிழுக்கு மாற்றி, அவள் அதை ஆங்கில எழுத்தில் எழுதிக்கொண்டு பாடுகிறாள். வாட்ஸப்பில் கேட்ட அம்மா, "இது ஆயா பாட்டு இல்ல. ஆனா நல்லாருக்கு, இன்னொருக்கா பாடச் சொல்லு" என்றார். பதிவில் 'ஆயாவின் வார்த்தை, பேரன் மகளின் மெட்டு' என்று குறித்து வைத்தேன். புதுசைப் பழசு என்று சொல்லி நாளைக்கு வருபவர்களைக் குழப்பக் கூடாது, பாருங்கள்.

நீங்களும் செய்யலாம். நான் பட்டுத் தெரிந்துகொண்டது இவ்வளவுதான். வார்த்தையை எழுதச் சொல்வதற்கு முன்னால் மெட்டைப் பதிவு செய்யுங்கள்; வார்த்தை எங்காவது நோட்டில் இருக்கும், மெட்டு இருக்காது. வேலை செய்துகொண்டே பாடச் சொல்லுங்கள். யாரிடம் கற்றது, எந்த ஊர், எந்தச் சடங்குக்குப் பாடுவது என்பதைப் பாட்டுக்கு முன்னால் அவர்கள் குரலிலேயே சொல்ல வையுங்கள். பதிவு செய்ததைப் பிள்ளைகள் தப்பும் தவறுமாகவாவது பாடட்டும்.

போன சனிக்கிழமை நண்பரின் அம்மாவைப் பார்க்க மகளை அழைத்துக்கொண்டு போனேன். ஆயா பாட்டு ஒன்று பாடினாள், நெல் குத்துகிற பாட்டு. பாட்டியம்மாவுக்கு ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனால் இரண்டாவது அடியிலேயே தொடையில் தட்டத் தொடங்கிவிட்டார்.

ஊரில் அம்மா, அத்தை, பெரியம்மா யாராவது பாடுவார்களா? இன்றைக்கு வார இறுதிதான். போன் போடுங்கள். என்ன பாட்டு கிடைத்தது என்று பின்னூட்டத்தில் சொல்லுங்கள். கெங்கம்மா மெட்டு தெரிந்தவர்கள் குப்பம், வி.கோட்டை, பலமநேர் பக்கம் யாராவது இருந்தால், உங்களுக்குக் கோடிப் புண்ணியம்.